பெயர் போன அணி: பயாங்கராவின் முதல் சீசன், 2016

எதைப் பற்றிய ஆய்வு இது

2016 ஏப்ரலில் இந்தோனேசியாவில் இரண்டு கால்பந்து அணிகள் ஒன்றாயின. ஒன்று, கிழக்கு ஜாவாவின் சுரபாயா யுனைட்டெட். முதல் நிலை லீகில் ஆடும் இடம் அதனிடம் இருந்தது, நல்ல இளம் வீரர்களும் இருந்தார்கள், ரசிகர்கள்தான் இல்லை. மற்றொன்று பிஎஸ் போல்ரி, தேசியக் காவல்துறையின் அணி. அதற்குப் பின்னால் நாடு முழுக்க விரிந்த ஒரு நிறுவனம் இருந்தது, லீகில் இடம் இல்லை.

இப்படிச் சேர்ந்த அணி பத்தொன்பதே மாதத்தில் நாட்டின் சாம்பியன் ஆனது. ஆனால் ஆசியப் போட்டிக்குப் போக முடியவில்லை. கோப்பையைத் தூக்கியபோது அது ஆரம்பித்த ஊரிலும் இல்லை, ஆரம்பித்த பெயரிலும் இல்லை. இந்த விசித்திரத்தின் வேர் முதல் சீசனிலேயே இருக்கிறது என்பது என் கணிப்பு. ஆட்களை அவரவர் பொறுப்பால் மட்டுமே குறிப்பிடுகிறேன். எடுத்த முடிவுகளைத்தான் பார்க்க வேண்டும் என்பதால், யார் எடுத்தார்கள் என்பதை விட்டுவிட்டேன்.

பின்னணி: ஒரு பெயருக்கு இரண்டு அணிகள்

சுரபாயாவின் கால்பந்து என்றால் பெர்செபாயா. 1927 ஜூன் 18-இல் தொடங்கிய அணி. அதன் ரசிகர்களுக்கு போனெக் என்று பெயர். ‘போண்டோ நெகாட்’ என்பதன் சுருக்கம் அது. கையில் காசில்லை, துணிச்சல்தான் முதல் என்று பொருள். டிக்கெட் இல்லாமல் ரயிலேறி வெளியூர் ஆட்டத்துக்குப் போகும் கூட்டம் என்று நாடு முழுக்கப் பேர் வாங்கியவர்கள்.

2010-இல் ஒரு லீக் ஆட்டம் மாற்றி மாற்றி ஒத்திவைக்கப்பட்ட தகராறில் பெர்செபாயா இரண்டாம் நிலைக்கு இறக்கப்பட்டது. ‘இது அநீதி’ என்று சொல்லி நிர்வாகம் தேசிய சம்மேளனமான பிஎஸ்எஸ்ஐயின் பிடியிலிருந்து விலகி, அதற்குப் போட்டியாக 2011 ஜனவரியில் தொடங்கிய லீகில் போய்ச் சேர்ந்தது. சம்மேளனத்தின் பக்கம் இருந்தவர்கள் சும்மா இருக்கவில்லை. போர்னியோத் தீவின் மேற்கு குத்தாய் மாவட்டத்து பெர்சிகுபார் அணியின் இடத்தைச் சுரபாயாவுக்குக் கொண்டுவந்து, அதற்கும் பெர்செபாயா என்றே பெயர் வைத்தார்கள்.

ஆக ஒரே ஊரில் இரண்டு பெர்செபாயா. போனெக்கில் பெரும்பகுதி பழைய அணியின் பக்கம் நின்றது. புதிய அணி 2013-இல் இரண்டாம் நிலை லீகை வென்று 2014-இல் முதல் நிலைக்கு ஏறியபோதும் அவர்கள் அசையவில்லை. ஊர்க்காரர்களின் கண்ணில் அது வேறு ஊர்ச் சரக்கு, மேலே ஒட்டிய லேபிள் மட்டும்தான் சுரபாயா.

2015-இல் எல்லாம் ஒன்றாக வெடித்தது. இரட்டை நிர்வாகத்தைத் தீர்க்காத கிளப்புகளுக்கு அரசின் தொழில்முறை விளையாட்டு அமைப்பு அனுமதி மறுத்தது. சம்மேளனத்துக்கும் விளையாட்டு அமைச்சகத்துக்கும் மோதல் முற்றி, லீக் சில வாரங்களிலேயே நின்றது. மே 30 அன்று ஃபிஃபா இந்தோனேசியாவை இடைநீக்கம் செய்தது. பெர்செபாயா என்ற பெயர் மீதான உரிமை பழைய நிர்வாகத்தின் பக்கம் சாயவே, புதிய அணி பெயரைத் தேடி அலைந்தது. அதே ஆண்டு அதிபர் கோப்பைப் போட்டியில் ‘போனெக் எஃப்சி’ ஆனது. ரசிகர்களே இல்லாத அணி, ரசிகர்களின் பெயரை எடுத்துச் சூட்டிக்கொண்டதை என்னவென்று சொல்வது? காலிறுதியில் எதிரணிக்குத் தந்த பெனால்டியை ஏற்க மறுத்து ஆட்டத்தை விட்டே வெளியேறியது. பிறகு ‘சுரபாயா யுனைட்டெட்’ என்று மறுபடியும் பெயர் மாறியது.

இணைப்பு முடிவும் அதன் காரணங்களும்

சுரபாயா யுனைட்டெட் பக்கம் காரணம் எளிது. டிக்கெட் விற்காத அணியால் சம்பளம் கொடுக்க முடியாது. நாடே ஃபிஃபா தடையில் இருக்கும்போது எந்த நிறுவனம் விளம்பரப் பணம் போடும்?

காவல்துறையின் பக்கம் இன்னொரு கணக்கு. முப்படையினரின் அணியான பிஎஸ் டிஎன்ஐ ஏற்கனவே முதல் நிலைக்கு வழி கண்டுபிடித்திருந்தது. மேற்கு பப்புவாவின் பெர்சிராம் ராஜா அம்பாட் அணியின் இடத்தை அது எடுத்துக்கொண்டது. காவல்துறை 2016 மார்ச்சில் தானே பயாங்கரா கோப்பை என்றொரு போட்டியை நடத்தி, அதில் பிஎஸ் போல்ரியை இறக்கியது. அணியை வைத்துக்கொண்டு அடுத்து எங்கே போவது? கீழ் நிலையிலிருந்து ஏறுவதென்றால் ஆண்டுகள் ஆகும். தடைக் காலத்தில் ‘கீழ் நிலை’ என்ற ஒன்று எங்கே தொடங்குகிறது என்பதே தெளிவில்லை. படை போன வழியில் காவல்துறையும் போனது. இரண்டுக்கும் இடையே பழைய போட்டி உண்டு என்பது இந்தோனேசியர்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

பெயரை ஒட்டுப் போட்டார்கள்: பயாங்கரா சுரபாயா யுனைட்டெட். ‘பயாங்கரா’ என்பது நம் காதில் ‘பயங்கரம்’ என்றுதான் விழும். வேர் அதே வடசொல்தான். ஜாவாவில் அது பதினான்காம் நூற்றாண்டு மஜபாஹித் பேரரசின் அரண்மனைக் காவல்படையின் பெயர். கஜா மடா அதன் தலைவராக இருந்தவர். இன்று இந்தோனேசியக் காவல்துறை தன்னைக் குறிக்கும் சொல்லும் அதுவே, ஜூலை 1 அங்கே பயாங்கரா நாள். நமக்கு அச்சம் தருவது அங்கே காவல் தருகிறது.

இந்த ஒட்டுப் பெயரில் முதல் பாதி புதிய உரிமையாளருக்கு, பின்பாதி ஊருக்கு. இரண்டு பாதியும் சம எடையில் நிற்கும் என்று நம்பியதே முதல் பிசகு.

முதல் சீசன்: பார்த்தவை

அதிகாரபூர்வ லீக் இல்லாத ஆண்டு அது. அதற்குப் பதிலாக ஒரு தனியார் நிறுவனம் டொராபிகா சாக்கர் சாம்பியன்ஷிப் என்ற போட்டியை நடத்தியது. 18 அணிகள், ஆளுக்கு 34 ஆட்டங்கள், ஏப்ரல் 29-இல் தொடங்கி டிசம்பர் வரை. தொடங்கி இரண்டு வாரத்தில், மே 13 அன்று, ஃபிஃபா தடையை நீக்கியது. ஏற்றமும் இல்லை, இறக்கமும் இல்லை. புதிதாக இணைந்த அணிக்கு இதைவிட நல்ல ஒத்திகை மேடை கிடைக்காது. தோற்றாலும் விழ இடமில்லை.

களத்தில் எடுத்த முடிவுகள் எனக்குச் சரியாகவே படுகின்றன. இணைந்த கையோடு பயிற்சியாளரைத் தூக்கி எறியவில்லை. சுரபாயா யுனைட்டெட்டை நடத்தியவரே தொடர்ந்தார், பெர்செபாயாவில் ஆடிய உள்ளூர்க்காரர். அணியின் முதுகெலும்பையும் உடைக்கவில்லை. தென்கிழக்காசிய 19 வயதுக்குட்பட்டோர் கோப்பையை 2013-இல் வென்ற இந்தோனேசிய அணியின் பையன்கள் பலர் அங்கே இருந்தார்கள். அந்த அணியின் கேப்டன் சுரபாயாவிலேயே பிறந்த நடுகள வீரர். 2016 தொடக்கத்தில் ஸ்பெயினின் எஸ்பான்யோல் கிளப்பில் பயிற்சிக்குப் போனவர், சீசன் நடுவில் வந்து சேர்ந்தார். பின்களத்தில் பிரேசில்காரர் ஒருவர், முன்களத்தில் இன்னொரு பிரேசில்காரர். இளைஞர்கள் ஓட, மூத்தவர்கள் நிறுத்தி ஆட என்று கலவை நன்றாக அமைந்தது.

இன்னொரு ஈர்ப்பும் இருந்தது. அணியின் இளம் வீரர்கள் சிலர் காவல்துறைப் பணியிலேயே சேர்ந்தார்கள். சம்பளப் பாக்கிக்குப் பேர் போன ஒரு லீகில், முழங்கால் போனாலும் போகாத வேலை என்பது சிறிய விஷயம் இல்லை. இருபது வயதுப் பையனைப் பெற்ற வீட்டார் இதை எப்படிப் பார்த்திருப்பார்கள் என்று நமக்கே தெரியும்.

சீசன் முடிவில் 7-ஆம் இடம். பெர்சிபுரா ஜெயபுரா சாம்பியன். புதிய அணிக்கு இது கௌரவமான இடம்.

மைதானத்தில் நிலைமை வேறு. சொந்த ஆட்டங்கள் சுரபாயாவுக்குத் தெற்கே ஒட்டியுள்ள சிடோஆர்ஜோவின் கெலோரா டெல்டா அரங்கில். 2013 செப்டம்பர் 22 இரவு இதே அரங்கில்தான் மேலே சொன்ன பையன்கள் வியட்நாமை வென்றார்கள். கோலில்லா ஆட்டம், பெனால்டி ஷூட்அவுட்டில் 7-6. அன்று உட்கார இடமில்லை, நாடே தொலைக்காட்சி முன் இருந்தது. மூன்றே ஆண்டு கழித்து அதே பையன்கள், அதே புல்தரை. அரங்கின் பெரும்பகுதி காலி இருக்கைகள்.

வீரர்கள் மோசமில்லை, ஊரும் கால்பந்தை வெறுக்கவில்லை. அங்கே ஆட்டம் பார்க்க ஆட்கள் ஏராளம், ஆனால் அவர்கள் இன்னோர் அணிக்காகக் காத்திருந்தார்கள். 2016 ஆகஸ்டில் சம்மேளனத்தின் கூட்டம் ஜகார்த்தாவில் நடந்தபோது, பெர்செபாயாவை மீண்டும் சேர்க்கச் சொல்லி போனெக் ஆயிரக்கணக்கில் அங்கே கிளம்பிப் போய் வடக்கு ஜகார்த்தாவின் துகு அரங்கில் படுத்துக் கிடந்தார்கள். வீட்டுக்குப் பக்கத்தில் முதல் நிலை ஆட்டம் நடக்கிறது, அதற்குப் போகாதவர்கள், ஆட்டமே இல்லாத அணிக்காக ஜாவாவைக் குறுக்கே கடந்து போகிறார்கள். கிளப் நிர்வாகம் அந்த ஆண்டு கவனிக்க வேண்டிய ஒரே புள்ளிவிவரம் இதுதான். புள்ளிப் பட்டியலில் அது வராது.

செப்டம்பர் முடிவு

2016 செப்டம்பரில், சீசன் ஓடிக்கொண்டிருக்கும்போதே, பெயரிலிருந்து ‘சுரபாயா யுனைட்டெட்’ நீக்கப்பட்டது. அணி பயாங்கரா எஃப்சி ஆனது.

இதற்கு நியாயம் சொல்ல முடியும். ஊர் ஏற்காத பெயரைச் சுமப்பதில் லாபமில்லை. பெர்செபாயா பெயர் வழக்கில் 2016-இன் நடுப்பகுதியில் சுரபாயா வணிக நீதிமன்றத்தின் தீர்ப்பும் பழைய நிர்வாகத்துக்குச் சாதகமாகவே வந்திருந்தது. பழைய அணி எப்படியும் திரும்பி வரும் என்பது கண்ணுக்குத் தெரிந்த பிறகு, அந்த ஊரில் இரண்டாவது அணியாக நிற்பது தற்கொலைக்குச் சமம்.

எனக்கு உறுத்துவது பெயரை எடுத்ததல்ல, அதன் இடத்தில் எதையும் வைக்காததுதான். ஊர்ப் பெயர் போய் நிறுவனப் பெயர் மட்டும் மிஞ்சியது. எந்த ஊர்ப் பையன் ‘இது நம்ம அணி’ என்று சொல்வான்? காவலர் குடியிருப்பில் வளர்ந்தவன் சொல்லலாம். அடுத்த ஆண்டு அணி ஜகார்த்தாவை ஒட்டிய பெகாசியின் பாட்ரியோட் அரங்குக்குக் குடிபெயர்ந்தது. அந்தப் பக்கமோ பெர்சிஜா ஜகார்த்தாவின் ஆரஞ்சு நிறக் கோட்டை. ஒருவர் வீட்டுத் திண்ணையிலிருந்து எழுந்து இன்னொருவர் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்த கதை.

பாலத்துக்கு அப்பால்

இதே ஆண்டு, இதே லீகில், சுரபாயாவிலிருந்து சுராமாடு பாலத்தைக் கடந்தால் வரும் மதுராத் தீவில் இன்னொரு புது அணி முளைத்தது. பாலத்தின் நீளம் ஐந்தரைக் கிலோமீட்டர்கூட இல்லை. மதுரா யுனைட்டெட்டும் வாங்கிய இடத்தில் ஆடிய அணிதான். அந்த இடம் முன்பு பெலிதா பண்டுங் ராயா என்ற அணியுடையது. அதுவும் 2012-இல் இரண்டு அணிகள் இணைந்து உருவானது, பிறகு பெகாசியின் பெர்சிபாசியோடு இன்னொரு முறை இணைந்தது. ஒட்டுக்கு மேல் ஒட்டு. பிறப்புச் சான்றிதழில் பயாங்கராவைவிட மோசம்.

ஆனால் மதுராவில் முதல் நிலையில் ஆடும் சொந்த அணி அப்போது கிடையாது. மதுரைக்காரர்கள் என்று எழுதிவிடக் கூடாது, மதுராக்காரர்கள், ஏற்கனவே காளைப் பந்தயத்துக்கு உயிரை விடுபவர்கள். தங்கள் தீவின் பெயர் தாங்கிய அணியை எடுத்துக்கொண்டார்கள். முதல் சீசனிலேயே மூன்றாம் இடம்.

பாலி யுனைட்டெட்டின் கதையும் அப்படித்தான். போர்னியோவின் சமரிண்டா அணியாக இருந்தது, 2015-இல் பாலித் தீவின் கியான்யாருக்குப் போனது. அங்கே காலி இடம் இருந்தது, ரசிகர்கள் வந்தார்கள். ஓர் அணி விலைக்கு வந்ததா, வேறு ஊரிலிருந்து வந்ததா என்று ரசிகர்கள் தூய்மை பார்ப்பதில்லை என்று இந்த இரண்டும் காட்டுகின்றன. வந்து உட்காரும் இடத்தில் ஏற்கனவே யாரும் இருக்கக் கூடாது, அவ்வளவுதான்.

அடுத்த ஆண்டு: பட்டம்

2017-இல் அதிகாரபூர்வ லீக் ‘லிகா 1’ என்ற பெயரில் திரும்பியது. பயாங்கரா பயிற்சியாளரை மாற்றியது. ஸ்காட்லாந்துக்காரர், 2010-இல் பிலிப்பைன்ஸைத் தென்கிழக்காசியக் கோப்பை அரையிறுதிக்குக் கொண்டுபோனவர். ஒட்டு அணி அவருக்குப் புதிதல்ல, பெலிதா பண்டுங் ராயாவிலும் பணியாற்றியிருந்தார்.

சம்மேளனம் அந்த ஆண்டு ஒரு விதி போட்டது. தொடக்க அணியில் குறைந்தது மூன்று பேர் 23 வயதுக்குட்பட்டவர்களாக இருந்து முதல் 45 நிமிடமாவது ஆட வேண்டும். மற்ற கிளப்புகள் பையன்களைத் தேடி ஓடின. பயாங்கராவிடம் 1995-இல் பிறந்து, முதல் சீசன் முழுக்க ஆடிப் பழகிய 2013-இன் கூட்டம் தயாராக இருந்தது. விதி இடையில் நிறுத்தி வைக்கப்பட்டாலும், அதற்குள் அவர்கள் முன்னேறிவிட்டார்கள். ஒத்திகை ஆண்டு வீண்போகவில்லை என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

நவம்பரில் பட்டப் போட்டி பாலி யுனைட்டெட்டுடன் நெருங்கி நின்றது. மித்ரா குக்கார் அணியுடன் 1-1 என்று சமனான ஆட்டம், எதிரணி தடையில் இருந்த ஒரு வெளிநாட்டு வீரரை இறக்கியதால், 3-0 வெற்றியாக மாற்றப்பட்டது. நவம்பர் 8-இல் மதுரா யுனைட்டெட்டை அதன் சொந்தத் தீவில், பங்காலானில், 3-1 என்று வென்று பட்டத்தை உறுதி செய்தது. மூன்று கோலும் ஒரே முன்கள வீரர். கடைசி நாளில் பெர்சிஜாவிடம் 1-2 என்று தோற்றது, பாலி யுனைட்டெட் வென்றது. இருவருக்கும் 68 புள்ளிகள். நேருக்கு நேர் முடிவுகளால் கோப்பை பயாங்கராவுக்கு.

மித்ரா குக்கார் ஆட்டத்தில் கூடுதலாகக் கிடைத்த அந்த இரண்டு புள்ளி இல்லாவிட்டால் 66 தான். விதிப்படி முடிவில் தவறில்லை, தடையில் இருப்பவரை ஆட வைத்தால் ஆட்டம் போகும். ஆனால் இந்தோனேசியாவில் ஒவ்வோர் ஆட்டத்துக்கும் கூட்ட அனுமதி தருவது காவல்துறை. அனுமதி தருபவரின் அணியே பட்டம் வாங்கும்போது, சட்டம் சுத்தமாக இருந்தாலும் ஊர் வாய் சும்மா இருக்காது. இந்த முரணை 2016 ஏப்ரலிலேயே யாராவது மேசையில் வைத்திருக்க வேண்டும்.

பின்விளைவு

சாம்பியனுக்கு ஆசியப் போட்டியில் இடம் கிடைக்கவில்லை. ஆசியக் கால்பந்துக் கூட்டமைப்பின் கிளப் உரிமம் அதனிடம் இல்லை. அந்த உரிமத்துக்கு இளையோர் அணிகள், அரங்கு, பணியாளர்கள், சட்டப்படியான உரிமை, கணக்கு வழக்கு என்று ஐந்து வகைத் தகுதிகள் பார்ப்பார்கள். எதையும் ஒரே வீரர் மாற்றப் பருவத்தில் வாங்கிவிட முடியாது. 2018-இல் பாலி யுனைட்டெட்டும் பெர்சிஜாவும் ஆசியாவுக்குப் போயின. 2013 அணியின் கேப்டனாக இருந்த பயாங்கராவின் நடுகள வீரரும், அதே அணியின் இன்னொரு தோழரும் மலேசியாவின் செலாங்கோருக்குப் போனார்கள்.

சுரபாயாவில் 2017 ஜனவரியில் பெர்செபாயாவைச் சம்மேளனம் மீண்டும் ஏற்றது. அந்த ஆண்டே இரண்டாம் நிலை லீகை வென்று 2018-இல் முதல் நிலைக்கு வந்தது. காத்திருந்தவர்கள் அரங்கை நிரப்பினார்கள்.

பயாங்கரா ஜகார்த்தாவுக்குப் போனது, பிறகு சோலோவுக்குப் போய் ‘பயாங்கரா சோலோ’ ஆனது, திரும்பியது. 2023-24 சீசனில் பெல்ஜிய தேசிய அணியின் முன்னாள் நடுகள வீரர் ஒருவரை நடுவில் கொண்டுவந்தும் தரமிறங்கியது.

வேறு விதமாகச் செய்திருந்தால்

முதலாவது, ஊர்த் தேர்வு. இணைப்புப் பேச்சில் அரங்கும் லீக் இடமும் பேசப்பட்டன, அந்த ஊரில் காலியாக எது இருக்கிறது என்று பார்த்த தடயம் இல்லை. சிடோஆர்ஜோவையே சொந்தப் பெயராக்கி, சுரபாயா என்ற சொல்லைத் தொடாமல் இருந்திருந்தால்கூடக் கொஞ்சம் வாய்ப்பு இருந்திருக்கும்.

இரண்டாவது, ஒத்திகை ஆண்டைப் பாதிக்குத்தான் பயன்படுத்தினார்கள். தரமிறக்கம் இல்லாத 34 ஆட்டங்களில் அணியைக் கட்டினார்கள், கிளப்பைக் கட்டவில்லை. உரிமத்துக்கான இளையோர் அணிகளையும் கணக்கு வழக்கையும் 2016-இலேயே தொடங்கியிருந்தால் 2017-இன் கோப்பைக்கு ஆசியக் கதவு திறந்திருக்கலாம்.

மாற்ற வேண்டாதது ஒன்று உண்டு: இளம் கூட்டத்தையும் உள்ளூர்ப் பயிற்சியாளரையும் முதல் ஆண்டு கலைக்காமல் விட்டது. இணைப்பு நடந்த மறுநாளே ‘நம்ம ஆள், உங்க ஆள்’ என்று பிரித்து வெட்டும் வழக்கத்துக்கு இது நல்ல விதிவிலக்கு.

2024-25-இல் இரண்டாம் நிலையின் இறுதி ஆட்டத்தில் யோக்யகார்த்தாவின் பிஎஸ்ஐஎம் அணியிடம் தோற்றாலும், பயாங்கரா மீண்டும் மேலே ஏறியது. 2025-இல் சுமத்ராவின் தென்முனையில் உள்ள லாம்புங்கில் குடியேறி, பெயரிலும் லாம்புங்கைச் சேர்த்துக்கொண்டது. ஒட்டிய ஊர்ப் பெயரை அறுத்தெறிந்து ஒன்பது ஆண்டுகள் கழித்து, இன்னோர் ஊரின் பெயர்.